நாக்கு செத்துப்போச்சு

இறந்தவரின் வீட்டில் போய் ‘எப்போ செத்தார்?’ என்று யாரும் கேட்பதில்லை. தவறிட்டார், காலமாயிட்டார், போய்ச் சேர்ந்துட்டார் என்று சுற்றி வளைப்போம். மலையாளத்தில் இன்னும் கறார். ‘சத்து’ என்பது ஆடு மாட்டுக்கு, மனிதரென்றால் ‘மரிச்சு’.

இப்படி மனிதருக்குச் சொல்லக் கூசுகிற ‘சா’ என்ற ஓரெழுத்து வினையை மற்ற எல்லாவற்றுக்கும் தாராளமாகச் செலவழிக்கிறோம். காய்ச்சலில் கஞ்சியே குடித்தவருக்கு நாக்கு செத்துவிடுகிறது. செல்போன் பேட்டரி சாகிறது. மே மாத வெயிலில் பேருந்துக்கு நின்றவர் ‘செத்துச் சுண்ணாம்பாயிட்டேன்’ என்று வந்து மோர் கேட்கிறார். கடன் வேண்டுமா என்று ஓயாமல் போன் செய்பவர் நம்மைச் சாவடிக்கிறார்.

1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்த சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகனில் இந்த வேரின் பிள்ளைகள் வேட்டி கட்டி உட்கார்ந்திருக்கின்றன. சாக்காடு என்றால் மரணம். குறளில் உண்டு, நம் வாயில் இல்லை. சாப்பறை, நாம் சாவு மேளம் என்பது. என்னை இழுத்தது ‘சாவி’தான். கதவு திறக்கிற சாவி போர்த்துக்கீசியரிடமிருந்து அலமாரி, மேசையோடு வந்து இறங்கியது. வயலில் இருக்கும் சாவி வேறு. அது நம் ‘சா’ பெற்ற பிள்ளை. பூக்கும் நேரத்தில் தண்ணீர் இல்லாமல் போனாலோ, கதிர்நாவாய்ப் பூச்சி மணியின் பாலை உறிஞ்சிவிட்டாலோ நெல் பதராகிவிடும். ‘பயிர் சாவியாப் போச்சு’ என்பார்கள் விவசாயிகள். ஒரு போகத்தின் நஷ்டம் முழுவதும் அந்த இரண்டு எழுத்தில் அடங்கிவிடும். (பூட்டுக்கான சாவியை எடுத்துக்கொண்டு வயலுக்குப் போகும் நகரத்துப் பிள்ளைகளை மன்னிக்கலாம்.)

ஆனால் காதில் விழுவதையெல்லாம் சாவுக் கணக்கில் எழுதிவிடக் கூடாது. தஞ்சாவூர்ப் பக்கம் ‘செத்த இருங்கோ’ என்றால் பயப்பட ஒன்றுமில்லை. அது ‘சற்றே’. நேற்று நேத்து ஆவதுபோல ‘ற்ற’ இங்கே ‘த்த’ ஆயிற்று. ஜன்னல் ஜென்னல் ஆவதுபோல முதலெழுத்தும் திரிந்தது. அவ்வளவுதான்.

சென்னை பெற்றெடுத்த ‘சாவுகிராக்கி’க்கு மட்டும் தனி மரியாதை செய்ய வேண்டும். சந்தையில் கிராக்கி என்றால் தேவை மிகுதி, விலையேற்றம். ரிக்‌ஷாக்காரருக்கும் ஆட்டோக்காரருக்கும் கிராக்கி என்றால் சவாரிக்கு வரும் ஆள். குறுக்கே பாய்ந்து சக்கரத்தில் விழப் பார்ப்பவரோ இவர் வண்டிக்கு வந்த சவாரி அல்ல, எமனுடைய சவாரி. திட்டும்போதும் தொழில்முறை தவறாத வசவு! ‘வூட்ல சொல்ட்டு வந்தியா?’ என்று கூடவே வரும் கேள்வியில் கொஞ்சம் அக்கறையும் இருக்கிறது. மெட்ராஸ் பாஷையைக் கொச்சை என்று ஒதுக்குபவர்கள் இதற்கு ஈடாக ஒரு செந்தமிழ்ச் சொல் செய்து காட்டட்டும்.

சாவு என்ற சொல்லை மனிதருக்கே கூச்சமில்லாமல் சொல்கிற ஓரிடமும் உண்டு. பேரன் பேத்தி, கொள்ளுப்பேரன் வரை பார்த்துவிட்டுப் போனவருடையது ‘கல்யாணச் சாவு’. அங்கே மேளமும் ஆட்டமும் தூள் பறக்கும்.

பதரான பயிருக்கு உங்கள் ஊரில் சாவி என்பார்களா, வேறு பெயர் உண்டா? தெரிந்தவர்கள் ஒரு வரி எழுதிப் போடுங்கள்.