செத்த வீட்டு அடுப்பு

இறந்தவருக்கு மரியாதை செய்ய வேண்டும் என்பதில் நமக்குள் இரு கருத்தில்லை. ஆனால் எது மரியாதை, எது வெறும் செலவு என்று நாம் மனம் திறந்து பேசுவதில்லை.

முந்தல் பகுதியில் இந்துக்கள் வாய்க்கரிசி இடுகிறார்கள். முஸ்லிம்கள் உடலைக் குளிப்பாட்டிக் கபன் துணியிட்டுத் தாமதமின்றி அடக்குகிறார்கள். கத்தோலிக்கர் செபமாலை சொல்லிச் சேமக்காலைக்குக் கொண்டு செல்கிறார்கள். முறைகள் வேறு, கருத்து ஒன்று. இறந்தவரையும் தனியே விடாதே, அவர் குடும்பத்தையும் தனியே விடாதே.

2020இல் கொவிட் நோயால் இறந்தோரை எரிக்க வேண்டும் என அரசு கட்டளையிட்டது. புதைக்கலாம் என்று உலக சுகாதார நிறுவனம் கூறியும் கேட்கவில்லை. அவ்வாண்டு டிசம்பரில் பிறந்து 20 நாளேயான முஸ்லிம் குழந்தையும் எரிக்கப்பட்டது. பொரளை மயான வேலியில் மக்கள் வெள்ளைத் துணி கட்டினர். 2021 பெப்ரவரியில் தடை நீங்கியது. மார்ச்சில் ஓட்டமாவடியில் அடக்கம் தொடங்கியது. 2024இல் அரசு மன்னிப்புக் கோரியது.

அந்த மக்கள் எதைக் கேட்டார்கள்? பந்தலையா, விருந்தையா? குளிப்பாட்டும் உரிமை, ஒரு துண்டுத் துணி, ஒரு செபம், ஆறடி மண். அவ்வளவே.

நமது வீடுகளில் நடப்பது என்ன? 31ஆம் நாள், 40ஆம் நாள் சாப்பாட்டுக்காகத் தோடு அடைவுக்குப் போகிறது. அடுத்த போகத்து விதைக்கு வைத்த பணம் கிடாரத்தில் கொதிக்கிறது. இடம்பெயர்ந்தவருக்கு இதில் ஒரு வேதனை உண்டு. 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்டவர்களும், போரால் வந்த ஏனையோரும், காணியோடு பெற்றோரின் கல்லறைகளையும் விட்டு வந்தவர்கள். ‘நாங்களும் ஒரு காலத்தில் நன்றாக வாழ்ந்தவர்கள்’ என்று காட்டவே அந்தப் பந்தி. இதை நாம் ஏளனம் செய்யவில்லை. ஆனால் அந்தக் கௌரவத்தின் வட்டியைக் கட்டுவது விதவையும் பிள்ளைகளுமே.

செத்த வீட்டில் அடுப்பு எரிவதில்லை. அயலார் சமைத்துக் கொடுப்பார்கள். இதுவே நமது பழைய வழக்கம். ஜஃபர் போரில் இறந்தபோது அவர் குடும்பத்துக்கு உணவு சமைத்துக் கொடுங்கள் என்றார் நபிகள் நாயகம். துக்க வீடு ஊருக்குச் சோறு போடுவதல்ல, ஊர் துக்க வீட்டுக்குச் சோறு போடுவதே முறை.

எனவே ஒவ்வொரு குடியேற்றத்திலும் மரண உதவிச் சங்கம் ஒன்று வேண்டும். மாதம் ஒரு சிறு தொகை சேர்ப்போம். கதிரை, தறப்பாள், கிடாரம் ஆகியவற்றைப் பொதுவில் வாங்கி வைப்போம். நினைவு நாளுக்குச் செபமும் தேநீரும் போதும் என்று எல்லோரும் கூடித் தீர்மானிப்போம். வசதியுள்ள வீடு முதலில் இதைச் செய்யட்டும். அப்போதுதான் ஏழை வீடு வெட்கமின்றிப் பின்பற்றும்.

இறந்தவர் விட்டுச் சென்ற பிள்ளைகள் கடனின்றி அடுத்த விதைப்பைத் தொடங்கட்டும். அதைவிடப் பெரிய நினைவஞ்சலி உண்டா?