அந்தஸ்துன்னு சொல்லி எதை மறைக்கிறீங்க?

தோழர்களே, ராத்திரி சாப்பாட்டு நேரத்துல உங்க வீட்டு டிவியில என்ன ஓடுதுன்னு கொஞ்சம் கவனிங்க.

பணக்கார வீட்டுப் பையன், ஏழை வீட்டுப் பொண்ணு, குறுக்கே பட்டுப்புடவை கட்டின ஒரு மாமியார். 'செம்பருத்தி' ஞாபகம் இருக்கா? ஜீ தமிழில் 2017-இல் தொடங்கி 2022 வரை ஓடிய தொடர். அகிலாண்டேஸ்வரி வீட்டுல சமையல் வேலை பார்க்கும் பார்வதிக்கும் அந்த வீட்டுப் பையன் ஆதிக்கும் காதல். தடுப்பது அந்தஸ்து. அம்மாவோட உட்கார்ந்து நானும் பார்த்தவன்தான், பொய் சொல்லல.

ஆனா ஒரு கேள்வி. எந்த சீரியல் மாமியாராவது "நீ என்ன ஆளுங்க?"ன்னு மருமகளைக் கேட்டுப் பார்த்திருக்கீங்களா? நம்ம ஊர்ல சம்பந்தம் பேசும்போது முதல்ல வர்ற கேள்வியே அதுதானே! ஜாதகமே அப்புறம்தான்.

ஏன் கேட்க மாட்டாங்க தெரியுமா? பணம்னா சுலபம். 800-வது எபிசோடுல ஹீரோயின்தான் காணாமப் போன கோடீஸ்வரர் மகள்னு சொல்லி மாமியாரை அழ வச்சு முடிச்சிடலாம். சாதிக்கு அப்படி ஒரு ட்விஸ்ட் எழுத முடியாது. பக் ஒரு ஃபைல்ல இருக்கும்போது வேற ஃபைலைத் திறந்து திருத்துற வேலைதான் இது. அஞ்சு வருஷம் திருத்தினாலும் புரோகிராம் ஓடாது.

2016 மார்ச் 13. உடுமலைப்பேட்டை பேருந்து நிலையம் அருகே, பட்டப்பகல்ல, சிசிடிவி கேமரா முன்னாடி சங்கரை வெட்டிக் கொன்னாங்க. என்னை மாதிரி இன்ஜினியரிங் படிச்ச பையன். பட்டியல் சமூகத்தில் பிறந்தவர், வேறு சாதிப் பெண்ணைக் கல்யாணம் பண்ணி எட்டு மாசம்தான் ஆச்சு. டிகிரி வாங்கி, சம்பாதிச்சு, 'அந்தஸ்து' வந்திருந்தா விட்டிருப்பாங்களா? நெஞ்சைத் தொட்டுச் சொல்லுங்க.

"சீரியல்தானே, விடுங்க"ன்னு சிலர் வருவாங்க. இப்படிப்பட்ட தம்பதிகளைக் காக்க மாவட்டந்தோறும் தனிப் பிரிவு அமைக்கணும்னு 2018-லேயே உச்ச நீதிமன்றம் உத்தரவு போட்டிருக்கு. உங்க தெருவுல எத்தனை பேருக்கு அது தெரியும்? பார்வதி என்னைக்கு எத்தனை தடவை அழுதான்னா எல்லாரும் சொல்லுவாங்க. ஓடி வந்த ஒரு ஜோடி அந்த அலுவலகத்துக்குப் போற மாதிரி ஒரே ஒரு காட்சி வச்சிருந்தா, பார்க்கிற ஏதோ ஒரு பொண்ணுக்கு எங்க போறதுன்னாவது தெரிஞ்சிருக்கும்.

அடுத்த புரோமோ வரும்போது சேனல் பக்கத்துல போய் இதைக் கேளுங்க தோழர்களே. மரியாதையா கேளுங்க. நடிகர், நடிகைகளைத் திட்டாதீங்க, அவங்க எழுதிக் கொடுத்ததைப் பேசுறவங்க. எழுதுறவங்களையும் சேனலையும் கேளுங்க.