வெள்ளை வேட்டி ஒன்று போதும்

மயிலாப்பூரில் ஒரு வீட்டு மாடியில் திவ்யபாரதியின் 'கக்கூஸ்' ஆவணப்படம் பார்த்தோம். முடிந்ததும் ஒரு முற்போக்கு நண்பர், "படம் பூரா மலந்தான், பாக்கவே முடியல, கலை நயம் போதாது" என்றார். "பாக்கவே முடியலன்னா, அள்றவங்களுக்கு எப்படி இருக்கும்?" என்று கேட்டேன். பதில் இல்லை. காபி வந்தது.

நான் பக்கிங்காம் கால்வாய் ஓரத்துக் குடிசையில் வளர்ந்தவன். தி.நகர் சாக்கடையில் இறங்கிவிட்டு வரும் என் மாமா, சோப்பு தேய்த்துக் குளித்த பிறகும் சோறு இறங்காமல் தட்டு முன்னால் உட்கார்ந்திருப்பார். பட்டப்பகலில் நடந்த வேலை அது. கடைக்கு வந்த கூட்டம் மூக்கைப் பொத்திக்கொண்டு சுற்றிப் போகும். யாரும் பார்த்ததாகச் சொல்ல மாட்டார்கள்.

கையால் மலம் அள்ளுவதற்கு எதிராக 1993இல் ஒரு சட்டம், 2013இல் இன்னொரு சட்டம். சாக்கடையில் செத்தவர் குடும்பத்துக்கு 10 லட்சம் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2023இல் 30 லட்சம் ஆக்கியது. சட்டம் மாறியது, தொகை மாறியது, குழியில் இறங்குகிறவன் சாதி மாறவில்லை. சட்டம் வந்துவிட்டதால் தொழிலே இல்லை என்று எழுதிக் கொடுக்கும் அதிகாரியிடம் எதைக் காட்டுவது? அங்கேதான் காமிரா நமக்குச் சாட்சி. 2003இல் ஆர்.பி.அமுதனின் 'பீ', மதுரையில் ஒரு தெருவைச் சுத்தம் செய்யும் பெண்ணின் பின்னாலேயே நடந்தது. 2017இல் 'கக்கூஸ்' பல ஊர்த் தொழிலாளர்களைப் பேச வைத்தது.

சாட்சி பேசினால் என்ன நடக்கும்? பல இடங்களில் திரையிட விடவில்லை. 2017 ஜூலையில் திவ்யபாரதி கைதானார். எந்த வழக்கில்? விடுதியில் பாம்பு கடித்து இறந்த தலித் மாணவருக்காக, தான் மாணவியாக இருந்த 2009இல் போராடிய வழக்கில்! எட்டு வருஷம் தூங்கிய வழக்கு, படம் வந்ததும் எழுந்துகொண்டது. மண்டபத்தை மூடினார்கள், படம் யூடியூபில் ஏறியது.

நம் மீதும் எனக்குக் கோபம் உண்டு. ஏற்கெனவே ஒத்துக்கொண்டவர்கள் நாலு பேர் கூடிப் படம் பார்த்து, அழுது, கைதட்டிவிட்டுக் கலைகிறோம். மறுநாள் அதே அடையாறு அடுக்குமாடியில் செப்டிக் டேங்க் அடைத்துக்கொண்டால் யாரைக் கூப்பிடுகிறார்கள்? ஆளை அப்படி இறக்கினால் முதல் தடவைக்கே 2 வருஷம் வரை சிறை, அல்லது 2 லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டுமே என்கிறது 2013 சட்டம். ஜாமீனில் விட முடியாத குற்றம். இது எத்தனை குடியிருப்போர் சங்கத்துக்குத் தெரியும்?

மாணவத் தோழர்களே, படத்தை அந்த அடுக்குமாடி வாசலுக்குக் கொண்டுபோங்கள். நம்ம சேரியிலும் போடுங்கள். முடிந்ததும் கைதட்ட வேண்டாம். யார் கூப்பிட்டான், யார் இறங்கினான், என்ன கூலி என்று கேட்டு எழுதி, புகாராகக் கொடுங்கள். புகாராக மாறாத கண்ணீரால் எங்கள் மாமாக்களுக்கு ஒரு பிரயோஜனமும் இல்லை.

மண்டபம் கிடைக்கலையா? சேரியில சுவர் இருக்கு. கட்ட ஒரு வெள்ளை வேட்டி போதும்.