ஓர் ஆண்டு மகுடம்

அழகுப் போட்டி என்ற பேச்சு எழுந்தால் போதும், வீட்டில் இரண்டு கட்சிகள் கிளம்பிவிடும். "பெண்ணை மேடையில் நிறுத்தி மார்க் போடுவதாவது!" என்பது பாட்டியின் கட்சி. "போட்டால் என்ன குறைந்துவிடும்?" என்பது பேத்தியின் கட்சி. இது கூடத்தில் மட்டும் நடக்கிற வாதம் என்று எண்ணாதீர்கள், சகோதரிகளே! சீன தேசத்தில் ஒரு சர்க்காரே வெகு காலம் பாட்டியின் கட்சியில் இருந்தது. பிறகு ஒரு நாள் பேத்தியின் கட்சிக்கு மாறியது. அந்தக் கட்சி மாற்றத்தின் பலனாக உலக அழகி மகுடம் சூடியவர்தான் ஜாங் ஸீலின்.

சீனர்கள் குடும்பப் பெயரை முதலில் சொல்வார்கள். ஆகவே ஜாங் என்பது குடும்பப் பெயர். ஸீலின் என்பது பெண்ணின் பெயர். 1984 மார்ச் 22ந் தேதி ஹெபெய் மாகாணத்தில் ஷீஜியாஜுவாங் நகரில் பிறந்தவர், வளர்ந்தது பெய்ஜிங்கில். பள்ளி நாட்களில் அவருக்குக் கண்ணாடி முன் நிற்பதைவிட மைதானத்தில் ஓடுவதில்தான் மோகம். தடை தாண்டும் ஓட்டத்திலும் மும்முறைத் தாண்டுதலிலும் பழகியவர். உயரமோ 182 சென்டிமீட்டர், கிட்டத்தட்ட ஆறடி! பெண் இப்படிக் கிடுகிடுவென்று வளர்ந்தால், 'இவளுக்கு மாப்பிள்ளை தேட ஏணி வேண்டுமே!' என்று தாயார் கவலைப்படுவது உலக வழக்கம். ஸீலினுக்கோ அந்த உயரமே சோறு போட்டது. 2003ம் ஆண்டு முதல் நவீன உடைகளை அணிந்து காட்டும் மாடல் தொழிலில் இறங்கினார். பெய்ஜிங் விஞ்ஞான தொழில்நுட்பப் பல்கலைக் கழகத்தில் வியாபார நிர்வாகமும் படித்தார்.

இனி அந்தக் கட்சி மாற்றத்தின் கதையைச் சொல்லவேண்டும். சீனாவுக்கு அழகுப் போட்டி புதிதல்ல. 1946ல் ஷாங்காய் நகரில் 'மிஸ் ஷாங்காய்' போட்டி அமர்க்களமாக நடந்தது. வட ஜியாங்ஸு பிரதேசத்தில் வெள்ளத்தால் வீடு வாசல் இழந்தவர்களுக்கு நிதி திரட்ட அது ஓர் உபாயம். 1949ல் கம்யூனிஸ்ட் ஆட்சி வந்ததும் இதெல்லாம் முதலாளித்துவக் கூத்து என்று மூட்டை கட்டி வைக்கப்பட்டது. பெண்களும் ஆண்களும் ஒரே மாதிரி நீலச் சட்டை அணிந்த காலம் அது. உதட்டுச் சாயம் பூசினாலே சந்தேகக் கண்! 2002ல் கூடப் பெய்ஜிங்கில் ஓர் அழகுப் போட்டியைப் போலீஸார் வந்து நிறுத்தினார்கள்.

அடுத்த வருஷமே காட்சி மாறியது. 2003ல் உலக அழகிப் போட்டியையே சீனா தன் வீட்டுக்கு அழைத்தது. தென்கோடியில் இருக்கும் ஹைனான் தீவின் ஸான்யா நகரம் அதற்கு அரங்கமாயிற்று. பூர்வத்தில் இந்தத் தீவு என்றாலே சீனர்களுக்கு நடுக்கம். சக்கரவர்த்தியின் கோபத்துக்கு ஆளானவர்களை நாடு கடத்தும் இடம் அது. மகாகவி ஸு துங்போ கூட 1097ல் இங்கே தள்ளப்பட்டவர்தான். ஸான்யா கடற்கரையில் ஓரிடத்துக்கு 'வானத்தின் விளிம்பு, கடலின் மூலை' என்றே பெயர். அப்படிப்பட்ட மூலைக்கு உல்லாசப் பிரயாணிகளை இழுக்க அழகிகள் வந்து இறங்கினார்கள். கொள்கை மாறியதற்குக் கலைத் தாகம்தான் காரணம் என்று நினைக்கவேண்டாம். ஹோட்டல் அறைகள் நிரம்பவேண்டுமே! அந்த வருஷம் சீனாவின் குவான் சீ மூன்றாவது இடம் பெற்றார்.

2007 டிசம்பர் முதல் தேதி மறுபடியும் ஸான்யா. நூற்றுக்கு மேற்பட்ட தேசங்களின் பெண்கள் நின்ற மேடையில் ஸீலினின் பெயர் அறிவிக்கப்பட்டது. அங்கோலா தேசத்துப் பெண் இரண்டாமவர், மெக்ஸிகோ பெண் மூன்றாமவர். கிழக்கு ஆசியாவிலிருந்து உலக அழகியாக வந்தவர் ஸீலின்தான் முதல்வர். அப்போது அவருக்கு வயது 23.

சொந்த மண்ணில் சொந்தப் பெண் ஜெயித்தால் ஊர் வாய் சும்மா இருக்குமா? 'விருந்து வைத்த வீட்டுக்கே முதல் பந்தியா?' என்று முணுமுணுத்தவர்கள் உண்டு. 2012ல் உள்மங்கோலியாவின் ஓர்டோஸ் நகரில், சங்கீத ஆசிரியையாக ஆசைப்பட்ட யூ வென்ஸியா என்ற சீனப் பெண் வென்றபோது அந்த முணுமுணுப்பு இன்னும் பலத்தது. ஆனால் அதே ஸான்யாவில் 2017ல் மகுடம் சூடியவர் நம் ஹரியானாவைச் சேர்ந்த மானுஷி சில்லர். அப்போது நமக்கு அந்த ஊர் நடுவர்கள் மகா நியாயஸ்தர்களாகத் தோன்றினார்கள் அல்லவா?

இந்தப் பட்டத்தின் ஆயுள் ஒரு வருஷந்தான். 2008 டிசம்பரில் ஜோஹானஸ்பர்க் நகரில், ரஷ்யப் பெண் க்ஸேனியா ஸுகினோவாவின் தலைக்கு மகுடம் போய்விட்டது. அதற்குப் பிறகு என்ன என்பதுதான் உண்மையான பரீட்சை. 1966ல் ஆசியாவின் முதல் உலக அழகியான நம் ரீட்டா ஃபாரியா, சினிமா பக்கம் திரும்பாமல் மருத்துவப் படிப்பைத் தொடர்ந்து டாக்டரானார். ஸீலின் வேறு வழியில் போனார். மாடல் தொழிலைத் தொடர்ந்தார், திரையிலும் தோன்றினார். 2014ல் வெளிவந்த 'குரங்கு ராஜா' படத்தில் நூவா தேவியாக நடித்தார். களிமண்ணைப் பிசைந்து மனிதர்களைப் படைத்தவள், கிழிந்த வானத்தை ஐந்து வண்ணக் கற்களால் ஒட்டுப் போட்டவள் என்று சீனப் புராணம் போற்றும் தாய் அவள். இடையில் 2013ல் கல்யாணம். 2016ல் ஒரு பெண் குழந்தைக்குத் தாயானார்.

ஒருவர் ஸ்டெதாஸ்கோப்பை எடுத்தார், மற்றவர் காமிராவின் முன்னேயே நின்றார். எது உயர்த்தி என்று நாம் ஏன் தராசு பிடிக்கவேண்டும்? இருவரிடமும் ஒரு பொது அம்சம் உண்டு. மகுடம் வருவதற்கு முன்பே கையில் ஒரு படிப்பு இருந்தது. அதனால் மகுடம் போன மறுநாள் 'இனி நான் யார்?' என்று அவர்கள் திகைத்து நிற்கவேண்டியிருக்கவில்லை.

தடை செய்தபோதும் சரி, மேடை போட்டபோதும் சரி, எந்தப் பெண்ணையும் கேட்டுக்கொண்டு சர்க்கார் அதைச் செய்யவில்லை. உலக அழகிப் போட்டியார் 2015 முதல் நீச்சலுடை அணிவகுப்பைக் கைவிட்டதும் எத்தனையோ வருஷக் கண்டனங்களுக்குப் பிறகுதான். ஆகவே பாட்டியின் கட்சியிலும் நியாயம் இருக்கிறது. பேத்தியின் கட்சியிலும் இருக்கிறது. இரண்டு கட்சியாரும் வாதத்தைச் சற்றே நிறுத்தி, 'உனக்கு என்னம்மா ஆசை?' என்று அந்தப் பெண்ணையே ஒரு வார்த்தை கேட்டால் என்ன?