ஒழுகும் கூரையும் மாத வாடகையும்

வீட்டுக்காரர் பழுது பார்க்காவிடில் வாடகையை நிறுத்தி வைக்கலாம் என்ற எண்ணம் யூனியன்வில், மார்க்கம் பகுதிகளில் நிலக்கீழ் வீடுகளில் வாழும் எம்மவரிடையே பரவலாக உண்டு. நியாயமாகத் தோன்றும் இவ்வெண்ணம் குடும்பங்களைத் தெருவில் நிறுத்தக் கூடியது.

ஆங்கிலச் சட்டம் இவ்விடயத்தில் நெடுங்காலம் கல்நெஞ்சோடு இருந்தது. உள்நாட்டுப் போரில் இளவரசர் ரூப்பர்ட்டின் படை ஒரு குத்தகைக்காரரை நிலத்தை விட்டே விரட்டியது. அவரும் வாடகை செலுத்தியே ஆகவேண்டுமென 1647 இல் தீர்ப்பாயிற்று. படைகளால் வீடிழந்த எமக்கு இதன் கொடுமையை எவரும் விளக்க வேண்டியதில்லை. இலங்கையின் உரோம-டச்சுச் சட்டமோ அத்தகைய நிலையில் வாடகைக் கழிவுக்கு இடமளிப்பது. ஒன்ராறியோவுக்கு வாய்த்தது ஆங்கில மரபு. 1970 இல் நடைமுறைக்கு வந்த திருத்தமே பராமரிப்புப் பொறுப்பை வீட்டுக்காரரின் தலையில் வைத்தது.

இன்றுள்ள 2006 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 20 ஆம் பிரிவின்படி, பழுதை அறிந்தே குடிபுகுந்திருந்தாலும் அதைத் திருத்தும் கடமை வீட்டுக்காரருடையது. செப்டெம்பர் 1 முதல் யூன் 15 வரை அவர் வழங்கும் வெப்பம் 20 பாகைக்குக் குறையலாகாது. ஆயினும் வாடகையை நாமே நிறுத்தினால் அது நிலுவையாகி, வெளியேற்றும் மனுவுக்கு வழி திறக்கும். பழுதை எழுத்தில் அறிவித்து, படமெடுத்து வைத்து, ஓராண்டுக்குள் வீட்டுக்காரர் குடியிருப்பாளர் சபைக்கு T6 படிவத்தில் விண்ணப்பிப்பதே பாதுகாப்பான வழி. வாடகையைக் குறைக்கவும் திருத்த வேலைக்கு ஆணையிடவும் சபைக்கு அதிகாரமுண்டு. வாடகையைச் சபையிடமே செலுத்தவும் அனுமதி கேட்கலாம். விசாரணைக்கு மாதக்கணக்கில் காத்திருக்க நேரும் என்பது உண்மைதான். அதுவரை நகரசபைப் பரிசோதகரை அழைக்கலாம்.

2017 இல் பார்க்டேலில் ஏறத்தாழ முந்நூறு பேர் வாடகை மறுத்து வென்றார்களே என்பர். அவர்கள் ஒன்றுதிரண்டு நின்றவர்கள். நிலக்கீழ் வீட்டில் தனித்திருக்கும் ஒரு குடும்பத்துக்கு அந்தப் பலம் ஏது?

அகதிக் கோரிக்கை நிலுவையில் உள்ளோர், முறையிட்டால் வழக்குக் கெடுமென அஞ்சி வாய் திறப்பதில்லை. இச்சட்டத்தின் பாதுகாப்பு குடிவரவு நிலையைச் சார்ந்ததன்று. அதிகாரிகளிடம் முறையிட்டமைக்காகவே ஒருவரை வெளியேற்ற முற்பட்டால் சபை மறுக்க வேண்டுமென 83 ஆம் பிரிவு கூறுகின்றது. நகரசபையின் அனுமதி பெறாத நிலக்கீழ் வீடாயினும் சட்டம் பொருந்தும். ஆனால் சமையலறையையோ குளியலறையையோ உரிமையாளருடன் பகிர வேண்டியிருப்பின் பொருந்தாது. எம்மவர் பலர் இதை அறியாமலே குடியேறுகின்றனர். கடை நடத்துவோருக்கும் இப்பாதுகாப்பு இல்லை. அவர்களுக்குக் குத்தகைப் பத்திரமே வேதம். வாடகை தவறிப் பதினைந்து நாள் கடந்தால் உரிமையாளர் பூட்டை மாற்றிவிடலாம். கூரை ஒழுகும் கடைக்காரர் முதலில் பத்திரத்தை வாசிக்கட்டும்.

வீட்டுக்காரரும் பெரும்பாலும் எம்மவரே. ஊர்க்காரர், உறவினர் என்ற முகதாட்சண்யத்தால் வாடகை காசாகக் கைமாறுகின்றது. எழுத்தில் எதுவும் இருப்பதில்லை. தகராறு சபைக்குச் சென்றால், ஒழுங்காகச் செலுத்தியவரிடமும் அதற்குச் சான்று இராது. கேட்டால் வீட்டுக்காரர் கட்டணமின்றிப் பற்றுச்சீட்டுத் தரவேண்டுமென 109 ஆம் பிரிவு விதிக்கின்றது. இம்மாத வாடகையைக் கொடுக்கும்போதே அதைக் கேட்டு வாங்குங்கள்.