பகலில் தெரியும் நட்சத்திரம்

வைகாசியில் பெரியப்பா மகளுக்குக் கல்யாணம். வடக்கனந்தலில்தான். முகூர்த்தம் காலை 6 முதல் 7.30. தாலி கட்டி, அம்மி மிதித்து, மெட்டி போட்டு முடிந்ததும் ஐயர் இரண்டு பேரையும் மண்டப வாசலுக்குக் கூட்டி வந்து வடக்கே பார்க்கச் சொன்னார். "அருந்ததி தெரியறதாம்மா?" "தெரியுது" என்று அக்கா தலையாட்டினாள். "மாப்ள, கையை இன்னும் கொஞ்சம் மேல தூக்குங்க, இன்னொரு தடவை" என்றார் வீடியோக்காரர். இன்னொரு தடவையும் பார்த்தார்கள்.

என் பக்கத்தில் நின்ற அண்ணன் மகன், ஒன்றாம் வகுப்புதான் படிக்கிறான், "எங்க சித்தப்பா? எனக்குத் தெரியலையே" என்றான். "பேசாம இருடா" என்று அவன் வாயை அடைத்துவிட்டேன். அது தப்பு என்று தோன்றியதால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். அருந்ததி கற்பனை நட்சத்திரம் இல்லை. வானத்தில் நிஜமாகவே இருக்கிறது. சப்தரிஷி மண்டலத்தில் நாலு நட்சத்திரம் ஒரு பெட்டி மாதிரியும், மூன்று நட்சத்திரம் வால் மாதிரியும் இருக்கும். வாலின் நடுவில் இருப்பது வசிஷ்டர். அதை ஒட்டி மங்கலாக ஒரு புள்ளி தெரிகிறதே, அதுதான் அருந்ததி. ஆங்கிலத்தில் மைசார், ஆல்கார் என்கிறார்கள். இரண்டுமே நம்மிடமிருந்து சுமார் 80 ஒளியாண்டு தூரம். இன்று இரவு நம் கண்ணில் படும் அதன் வெளிச்சம், நம் தாத்தாக்கள் பிறந்த காலத்தில் அங்கிருந்து கிளம்பியது!

கற்பனை நட்சத்திரம் நாம் காலையில் மண்டப வாசலில் பார்ப்பதுதான். சூரிய வெளிச்சத்தில் மறைந்திருக்கிறது என்றுதானே நினைக்கிறீர்கள்? நானும் அப்படித்தான் நினைத்தேன். கணக்குப் போட்டுப் பார்த்தால், வைகாசியில் அருந்ததி மதியத்துக்கு மேல்தான் நம் ஊரில் உதிக்கிறது, விடிவதற்கு முன்பே மறைந்துவிடுகிறது. அதாவது அக்கா "தெரியுது" என்று சொன்ன நேரத்தில் அது அடிவானத்துக்குக் கீழே இருந்தது. தை மாதக் கல்யாணம் என்றால் காலையில் வானத்திலாவது இருக்கும், அப்போதும் கண்ணுக்குத் தெரியாது.

இது பழைய சம்பிரதாயம், கேள்வி கேட்கக்கூடாது என்பவர்களுக்கு ஒரு செய்தி. பழைய கிருஹ்ய சூத்திரங்களில் இந்தச் சடங்கு பகலில் கிடையாது. பொழுது சாய்ந்து நட்சத்திரங்கள் தெரிந்த பிறகுதான் மணப்பெண் துருவனையும் அருந்ததியையும் பார்க்க வேண்டும். நம் சங்கப் பாடல்கள் இதை வடமீன் என்கின்றன. சிலப்பதிகாரத்தில் கண்ணகியின் கல்யாணக் காட்சியில் சாலி என்ற பெயரில் வருகிறது. பார்க்காதவர்கள் இத்தனை பெயர் வைத்திருப்பார்களா? வேதாந்தத்தில் 'அருந்ததி நியாயம்' என்றே ஒன்று உண்டு. முதலில் பக்கத்தில் இருக்கும் பெரிய நட்சத்திரத்தைக் காட்டி, பிறகு சின்னதைக் காட்டுவது. நிஜமாகவே தேடிப் பார்த்தவர்களுக்குத்தான் இந்த உதாரணம் தோன்றும். நாம் சடங்கை வைத்துக்கொண்டு நட்சத்திரத்தைத் தொலைத்துவிட்டோம்.

இன்னொரு கூட்டம் இருக்கிறது. "இரட்டை நட்சத்திரங்களில் ஒன்று நிற்கும், மற்றது சுற்றும். வசிஷ்டரும் அருந்ததியும் மட்டும் ஒன்றையொன்று சுற்றுகின்றன. கணவன் மனைவி சமம் என்று நம் முன்னோர் சொன்ன விஞ்ஞானம்" என்று ஒரு செய்தி சுற்றிக்கொண்டே இருக்கிறது. எனக்கே பத்துப் பேராவது அனுப்பியிருப்பார்கள். எல்லா இரட்டை நட்சத்திரங்களும் தங்கள் பொது ஈர்ப்பு மையத்தைத்தான் சுற்றுகின்றன. பூமியும் நிலாவும்கூட அப்படித்தான். வசிஷ்டரும் அருந்ததியும் ஒன்றையொன்று சுற்றுகின்றனவா என்பதே இன்னும் உறுதியாகவில்லை. சுற்றினாலும் ஒரு சுற்றுக்கு லட்சக்கணக்கான வருஷம் ஆகும். வசிஷ்டர் உண்மையில் நாலு நட்சத்திரங்களின் கூட்டம். அருந்ததிக்கும் ஒரு சின்னத் துணை இருப்பது 2009-ல் தெரியவந்தது. ஆக மொத்தம் ஆறு. ஜோடிப் பொருத்தம் சொல்ல வந்தவர்கள் இந்தக் கூட்டுக் குடும்பத்தை என்ன செய்வார்கள்? :-)

அந்த 'சமம்' விஷயத்துக்கே வருகிறேன். அருந்ததியைக் காட்டி "இவளைப் போல் கற்போடு இரு" என்பது பெண்ணுக்கு மட்டும் சொல்லப்படும் புத்திமதி. பக்கத்தில் வசிஷ்டர் அவ்வளவு பளிச்சென்று இருக்கிறார். அவரைப் பார்த்து மாப்பிள்ளை எதையும் கற்றுக்கொள்ள வேண்டாமா?

"இதெல்லாம் ஒரு அடையாளம்தானே, இதற்குப் போய் இவ்வளவு பேச்சா?" என்று கேட்பீர்கள். அடையாளம் என்றால் எனக்கும் சம்மதம். ஆனால் கேட்ட கேள்வி "தெரியறதா" என்பது. மனைவியான பின் அக்கா சொன்ன முதல் வார்த்தையே பொய். தெரியாததைப் பெரியவர்கள் தெரிகிறது என்றால் நாமும் தெரிகிறது என்று சொல்ல வேண்டும். அன்று மணமேடையில் அக்கா படித்த பாடம் அதுதான். அந்தச் சின்னப் பையனும் அதைத்தான் படித்தான், கற்றுக்கொடுத்தவன் நான்.

சடங்கை நிறுத்தச் சொல்லவில்லை. ராத்திரிக்கு மாற்றுங்கள் என்கிறேன். சித்திரை, வைகாசியில் ராத்திரி ஒன்பது மணிவாக்கில் சப்தரிஷி மண்டலம் வடக்கே நன்றாகவே தெரியும். சாப்பாடு முடிந்து மொட்டை மாடிக்குப் போக எவ்வளவு நேரம் ஆகிவிடும்? கல்வராயன் மலை அடிவாரத்தில் இருக்கும் நமக்கு, சென்னைக்காரர்களுக்குக் கிடைக்காத இருட்டு இன்னும் மிச்சம் இருக்கிறது.

அன்று ராத்திரி அண்ணன் மகனைக் கோமுகி அணைப் பக்கம் கூட்டிப் போனேன். வசிஷ்டரைக் காட்டிவிட்டு, பக்கத்தில் ஏதாவது தெரிகிறதா என்று மட்டும் கேட்டேன். கொஞ்ச நேரம் கண்ணைச் சுருக்கிப் பார்த்துவிட்டு, "குட்டியா ஒன்னு இருக்கு சித்தப்பா" என்றான். உடனே அக்காவுக்குப் போன் போட்டேன். மாமாவோடு மாடிக்குப் போய்ப் பார்த்திருக்கிறாள். மாமாவுக்குத் தெரியவில்லையாம். தெரியவில்லை என்றே சொன்னாராம். எனக்கு அவரை ரொம்பப் பிடித்துவிட்டது.