மங்கலான பிரிண்டில் காதல் தெரியாது

"கதைதானே முக்கியம்? பிரிண்ட் எப்படி இருந்தா என்ன?" உலக சினிமா பேசும் இடத்தில் ஒருத்தராவது இதைச் சொல்லிவிடுவார். அதே ஆள் அடுத்த மூச்சில், "இன் தி மூட் ஃபார் லவ்வா? செம மொக்கை, ஒண்ணுமே நடக்கலை" என்று தீர்ப்பும் சொல்லிவிடுவார். இரண்டுக்கும் தொடர்பு இருக்கிறது என்று அவருக்குத் தோன்றுவதே இல்லை. அதுதான் கொடுமை.

வோங் கார்-வாய் 2000-ல் எடுத்த படம் அது. கதை நடப்பது 1962 ஹாங்காங்கில். அடுத்தடுத்த வீட்டில் குடியிருக்கும் ஓர் ஆணும் பெண்ணும் (இருவரும் திருமணமானவர்கள்), தங்கள் துணைகளுக்குள் கள்ளத்தொடர்பு இருப்பதைத் தெரிந்துகொள்கிறார்கள். பிறகு இவர்களுக்குள்ளும் காதல் வருகிறது. ஆனால் அதை வாய்விட்டுச் சொல்வது அபூர்வம்.

அப்போ காதல் எங்கே இருக்கிறது? மேகி சியுங்கின் உடையில் இருக்கிறது. ஒரு நாள் போய் அடுத்த நாள் வந்துவிட்டது என்பதைப் பல காட்சிகளில் உடை மாறுவதுதான் சொல்கிறது. விளக்கடியில் டோனி லியூங் ஊதும் சிகரெட் புகையில் இருக்கிறது. நூடுல்ஸ் கடைக்கு இறங்கும் படிக்கட்டின் இருட்டில் இருக்கிறது.

இப்போது கணக்குக்கு வருவோம். பழைய விசிடியில் ஒரு ஃபிரேமுக்கு 352x288, அதாவது சுமார் 1 லட்சம் புள்ளிகள். டிவிடியில் சுமார் 4 லட்சம். 4கே என்றால் 83 லட்சம். ஃபைலைச் சுருக்கும்போது முதலில் அடிவாங்குவது நுணுக்கமான விவரங்களும் இருட்டில் இருக்கும் மெல்லிய வித்தியாசங்களும்தான். புகை கட்டம் கட்டமாக உடைகிறது. பூப்போட்ட உடையும் பூப்போட்ட சுவரும் ஒரே சேறாகிவிடுகின்றன. உடை மாறியது தெரியாவிட்டால் நாள் மாறியதும் தெரியாது. பிறகு "ஒண்ணுமே நடக்கலை" என்று சொல்லாமல் என்ன செய்வார்? நடந்ததைத்தான் ஃபைல் தின்றுவிட்டதே!

அதற்காக, புள்ளிகள் கூடினால் தரம் வந்துவிடும் என்று நினைப்பதும் தப்பு. இதே படத்தின் 4கே மறுசீரமைப்பு, இயக்குநரின் மேற்பார்வையிலேயே நடந்து, 2021-ல் அமெரிக்காவில் ப்ளூ-ரே தொகுப்பாக வந்தது. படம் பளிச்சென்று இருந்தது. ஆனால் பச்சை தூக்கலாக இருக்கிறது, பழைய பதிப்பின் கதகதப்பு போய்விட்டது என்று ரசிகர்கள் சண்டைக்கு வந்தார்கள். அவர்கள் சண்டை போட்டது வண்ணத்துக்காக, புள்ளிக் கணக்குக்காக அல்ல. இந்தப் படத்தில் வண்ணம் மாறினால் மனநிலையே மாறிவிடும்.

"விசிடியில் பார்த்தே உருகினவங்க இருக்காங்களே?" என்று கேட்கலாம். இருக்கிறார்கள். இசையும் முகங்களும் அவர்களைக் காப்பாற்றியிருக்கும். வசதி இல்லாமல் மட்டமான காப்பியில் பார்ப்பது குற்றமும் இல்லை. ஆனால் டேட்டா மிச்சம் பிடிக்க, மொபைலில் தரத்தைக் குறைத்துவைத்து, பாதியை ஓட்டிவிட்டுப் பார்த்தவர் படத்துக்கு மார்க் போடுவதுதான் அநியாயம். பாதிப் பக்கம் அழிந்துபோன கணக்குப் புத்தகத்தை வைத்து எந்த ஆடிட்டரும் கையெழுத்துப் போடமாட்டார். விமர்சகருக்கு மட்டும் என்ன சலுகை?